குதிரைத் தோலுக்கு முதலுதவி: குளோர்ஹெக்சிடினா, அயோடினா?

குதிரைக்கு முதலுதவிப் பெட்டி தயார் செய்யும் பலர் முதலில் தேடுவது களிம்பை. நான் கழுவும் மருந்துக்கே முதலிடம் கொடுப்பேன். அழுக்கும் பக்கும் மூடிய தோலில் எந்தக் களிம்பைத் தடவினாலும் அது மேலேயே நின்றுவிடும்.

பொவிடோன் அயோடின் பாக்டீரியா, பூஞ்சை இரண்டையும் கொல்லும். ஆனால் ரத்தம், சீழ், சேறு பட்டால் சீக்கிரம் வீரியம் இழக்கும். குளோர்ஹெக்சிடின் தோலில் ஒட்டி நின்று பல மணி நேரம் வேலை செய்யும். மழையில் நனைந்த முதுகில் முடிக்கொத்தோடு பக்கு பெயர்கிறதே, அந்த டெர்மட்டோஃபைலஸ் என்ற பாக்டீரியாத் தொற்றுக்கும், சேற்றில் நின்று குளம்புக்கு மேல் வெடிக்கும் புண்ணுக்கும் இதுதான் என் தேர்வு. நுரைக்கும் ஸ்க்ரப் வகையைப் பூசி 10 நிமிடம் ஊறவிட்டு அலசி, ஈரம் துளியும் இல்லாமல் துவட்ட வேண்டும். துவட்டாமல் விட்டால் கழுவியதே வீண்; அந்தக் கிருமிக்கு ஈரம்தான் வாழ்வு. சாதாரண சோப்பின் மிச்சம் குளோர்ஹெக்சிடினைக் கெடுக்கும் என்பதால், முன்பு போட்ட ஷாம்புவை முழுவதும் அலசிவிடுங்கள். கண்ணில் பட்டால் கருவிழிப் படலத்தையே புண்ணாக்கும். முகத்துக்கு இது வேண்டவே வேண்டாம்.

திறந்த காயத்துக்குக் கணக்கு வேறு. ஸ்க்ரப் கூடாது, நுரைக்காத கரைசல் மட்டுமே. 2% குளோர்ஹெக்சிடின் என்றால் 25 மில்லியோடு தண்ணீர் சேர்த்து 1 லிட்டராக்கினால் 0.05% ஆகும். 10% பொவிடோன் அயோடின் என்றால் 1 லிட்டருக்கு 10 மில்லி போதும், வெளிறிய தேநீர் நிறம் வரும். கெட்டியாக ஊற்றினால் கிருமியோடு ஆறிவரும் திசுவும் சாகும். இரண்டும் இல்லாத நேரத்தில், கொதித்து ஆறிய 1 லிட்டர் தண்ணீரில் 9 கிராம் உப்பு கலந்து தாராளமாகக் கழுவலாம். ஹைட்ரஜன் பெராக்சைடைப் பெட்டியில் சேர்க்காதீர்கள். அது பொங்குவதைப் பார்த்துச் சுத்தமாகிறது என்று நினைக்கிறோம். புதிதாக வளரும் செல்களும் அதில் அழிகின்றன.

களிம்பில் 1% சில்வர் சல்ஃபாடையசின் புண்ணுக்கு. துத்தநாக ஆக்சைடு, வெயிலில் வேகும் இளஞ்சிவப்பு மூக்குக்கு. பெட்ரோலியம் ஜெல்லி ஈரத் தொற்றின் மேல் பூசினால் ஈரத்தை உள்ளேயே அடைத்துவிடும். ஸ்டீராய்டு களிம்பை மருத்துவர் சொல்லாமல் தொடாதீர்கள். படர்தாமரையாக இருந்தால் அது கொழுந்துவிட்டுப் பரவும்.

படர்தாமரை மனிதருக்கும் ஒட்டும். ஆகவே கையுறையும், அந்தக் குதிரைக்கு மட்டுமேயான பிரஷும் பெட்டியில் கட்டாயம் இருக்கட்டும்.

மூட்டருகே காயம் என்றால் சிறிய துளையானாலும் உடனே கால்நடை மருத்துவரைக் கூப்பிடுங்கள். உடம்பெங்கும் தடிப்பு எழுந்து, மூக்கு வீங்கி மூச்சுத் திணறினாலும் அப்படித்தான். அந்த நேரத்தில் பெட்டியைத் திறந்து நிற்க வேண்டாம்.