டெல்டா எதைப் பொறுத்தது? பகுப்பாய்வு நூல்களோடு நீண்ட பழக்கம்

கணிதப் பகுப்பாய்வுக்கு (நுண்கணிதத்தின் அடிப்படைகளை நிறுவலோடு கற்கும் துறை) முதல் நூல் தேடுபவர்கள் பெரும்பாலும் முதல் அத்தியாயத்தைப் புரட்டி, விளக்கம் புரிகிறதா என்று பார்த்துவிட்டு வாங்குகிறார்கள். பல ஆண்டுகள் இந்த நூல்களைப் பயன்படுத்தியபின் நான் சொல்வது வேறு: பயிற்சிக் கணக்குகளைப் பார்த்து வாங்குங்கள். நல்ல விளக்கத்தை இரண்டு முறை ஊன்றிப் படித்தால் அது மனதில் ஏறிவிடும். அந்தப் பக்கத்துக்குத் திரும்பிப் போக வேலை இருக்காது. பயிற்சிகள் அப்படியல்ல. இரண்டாம் ஆண்டிலும் மூன்றாம் ஆண்டிலும் கை போவது அத்தியாயக் கடைசிக்குத்தான்.

அந்தப் பயிற்சிகள் ஒரு பழக்கத்தை ஊட்ட வேண்டும். எந்த அளவு எதைப் பொறுத்து வருகிறது என்று ஒவ்வொரு வரியிலும் கேட்கும் பழக்கம் அது. தொடர்ச்சியின் வரையறையில், சார்பின் மதிப்பு எவ்வளவு விலகலாம் என்பது எப்சிலான், அதற்காக உள்ளீடு எவ்வளவு விலகலாம் என்பது டெல்டா. முதலில் தரப்படுவது எப்சிலானா டெல்டாவா? டெல்டா புள்ளிக்குப் புள்ளி மாறலாமா, எல்லாப் புள்ளிக்கும் ஒன்றே இருக்க வேண்டுமா? முதலாண்டுப் பகுப்பாய்வில் பெரும்பகுதி இந்தக் கேள்விதான். கீழே வரும் நூல்களை இந்த ஒரு அளவுகோலால்தான் மதிப்பிட்டிருக்கிறேன்.

சிங்கப்பூரில் தொடக்கக் கல்லூரி முடித்து வருபவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். எச்2 (ஏ-நிலை) கணிதத்தில் வகையிடல், தொகையிடல், மெக்லாரின் தொடர் எல்லாம் உண்டு, எப்சிலான்-டெல்டா கிடையாது. கணிதத் தொகுத்தறிதலும் (இண்டக்‌ஷன்) இப்போது எச்2 ஃபர்தர் மேத்ஸ் பக்கம் போய்விட்டது. எனவே எச்2 மட்டும் எடுத்தவர்கள் முதல் இரண்டு வாரத்தைத் தொகுத்தறிதலுக்கும், கூற்றுகளை மறுத்து எழுதுவதற்கும் ஒதுக்குங்கள். ‘ஒவ்வொரு எப்சிலானுக்கும் ஒரு டெல்டா உண்டு’ என்பதன் மறுப்பு, ‘ஏதோ ஒரு எப்சிலானுக்கு எந்த டெல்டாவும் உதவாது’ என்பது. இதைத் தடுமாறாமல் எழுத வராதவர்கள் எந்த நூலை எடுத்தாலும் மூன்றாம் அத்தியாயத்தில் நின்றுவிடுவார்கள். வரைபடக் கணிப்பானின் திரையைப் பார்த்து ‘கோடு அறுபடவில்லை, ஆகவே தொடர்ச்சியானது’ என்று சொல்லிப் பழகியிருந்தால், அந்தப் பழக்கம் விடுபட ஒரு மாதமாவது ஆகும்.

முதல் நூலாக நான் பரிந்துரைப்பது ஸ்டீபன் அபட்டின் ‘அண்டர்ஸ்டாண்டிங் அனாலிசிஸ்’. முதல் பதிப்பு 2001, இரண்டாம் பதிப்பு 2015, இரண்டாவதையே வாங்குங்கள். மொத்தம் எட்டு அத்தியாயங்கள். ஒவ்வொன்றும் ஒரு சிக்கலோடு தொடங்குகிறது: முடிவிலாத் தொடரின் உறுப்புகளை இடம் மாற்றினால் கூட்டுத்தொகையே மாறுகிறதே, ஏன்? இந்தக் கேள்வி மனதில் உறுத்திய பிறகுதான் வரையறை வருகிறது. தொடர்வரிசைகள் இரண்டாம் அத்தியாயத்திலும், திறந்த கணம், மூடிய கணம், காம்பேக்ட் கணம் (மெய்யெண் கோட்டில் மூடியதும் எல்லைக்குட்பட்டதுமான கணம்) எல்லாம் மூன்றாவதிலும் வருகின்றன. முதல் முறை படிப்பவருக்கு இதுதான் சரியான வரிசை. குறையும் உண்டு. நூல் ஏறக்குறைய முழுவதும் மெய்யெண் கோட்டிலேயே நிற்கிறது. பல மாறிகள் கிடையாது, மெட்ரிக் வெளி (புள்ளிகளுக்கு இடையே தூரம் வரையறுக்கப்பட்ட கணம்) போகிற போக்கில்தான் வரும். சாதாரணப் பயிற்சிகளின் எண்ணிக்கையும் போதாது. ஒரு கருத்துக்கு நேரடியான கணக்கு இரண்டு மூன்றுதான் கிடைக்கும், அடுத்தது உடனே கடினமாகிவிடும்.

அந்த இடைவெளியை நிரப்பப் பார்ட்டில்-ஷெர்பர்ட் எழுதிய ‘இன்ட்ரொடக்‌ஷன் டு ரியல் அனாலிசிஸ்’ பொருத்தமானது. நான்காம் பதிப்பு 2011-இல் வந்தது. நடை சற்று வறட்சியாக இருக்கும், ஆனால் சின்னச் சின்னக் கணக்குகள் தாராளமாக உண்டு, தேர்ந்தெடுத்த கணக்குகளுக்குப் பின்பக்கத்தில் குறிப்பும் உண்டு. அபட்டின் இரண்டாம் அத்தியாயத்தோடு இதன் மூன்றாவதையும், நான்காம் அத்தியாயத்தோடு இதன் நான்கு, ஐந்தையும் சேர்த்துப் போடுங்கள். விளக்கத்தை ஒரே நூலில் படித்துக் கணக்கை இரண்டிலும் போடுவதுதான் முறை. விளக்கத்தையும் இரண்டு நூலில் படித்தால், ஒரே தேற்றம் இரண்டு வரிசையில் வந்து, எதை நிறுவ எதைப் பயன்படுத்தலாம் என்பதே குழம்பிப்போகும்.

இனி, பெரும்பாலோர் இடறும் இடத்தைக் கிட்டப்போய்ப் பார்ப்போம். எக்ஸ்² என்ற சார்பு 3 என்ற புள்ளியில் தொடர்ச்சியானது என்று காட்ட வேண்டும். |எக்ஸ்² − 9| = |எக்ஸ் − 3| × |எக்ஸ் + 3|. இதை எப்சிலானுக்குள் அடக்க வேண்டும் என்பதால், மாணவர் ‘டெல்டா = எப்சிலான்/|எக்ஸ் + 3|’ என்று எழுதிவிடுகிறார். இயற்கணிதத்தில் பிழையில்லை, நிறுவல் மட்டும் தப்பு. டெல்டாவைக் கொடுத்த பிறகுதான் எக்ஸ் வருகிறது. இன்னும் வராத எக்ஸைக் கொண்டு டெல்டாவை எப்படிச் சொல்வது? சரியான வழி இது. முதலில் டெல்டா 1-ஐத் தாண்டாது என்று வைத்துக்கொள்ளுங்கள். எக்ஸ் 2-க்கும் 4-க்கும் இடையில் வந்துவிடும், எக்ஸ் + 3 என்பது 7-ஐவிடக் குறைவு. ஆகவே 1, எப்சிலான்/7 இரண்டில் சிறியதை டெல்டாவாக எடுத்தால் வேலை முடிந்தது.

இங்கே நின்றுவிடாமல் இன்னொரு படி போங்கள். 3-க்குப் பதில் 100 என்றால் 7 இருந்த இடத்தில் 201 வரும். புள்ளி தள்ளிப்போகப் போக டெல்டா சுருங்குகிறது. எல்லாப் புள்ளிக்கும் பொதுவான ஒரு டெல்டா கிடைக்குமா? என் (n) ஓர் இயல் எண் என்றால், என், என் + 1/என் என்ற இரண்டு புள்ளிகளை எடுங்கள். இடைவெளி சுழியை நோக்கிப் போகிறது, வர்க்கங்களின் வித்தியாசமோ 2 + 1/என்². 2-க்குக் கீழே இறங்குவதே இல்லை. எனவே முழு மெய்யெண் கோட்டில் எக்ஸ்² சீராகத் தொடர்ச்சியானது அல்ல. இந்த ஒரு கணக்கை ஒழுங்காக எழுதியவருக்குச் சீரான தொடர்ச்சியின் வரையறையைத் தனியாக மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை.

கோஷி தொடர்வரிசையிலும் இதே வகைத் தவறுதான். அடுத்தடுத்த உறுப்புகளின் வித்தியாசம் சுழியை நெருங்கினால் போதும் என்று எழுதுபவர்கள் ஏராளம். 1 + 1/2 + 1/3 + … என்று கூட்டிக்கொண்டே போனால் அடுத்தடுத்த கூடுதல்களின் வித்தியாசம் சுழிக்குத்தான் போகிறது. ஆனால் முதல் என் (n) உறுப்புகளின் கூடுதலுக்கும் முதல் 2என் உறுப்புகளின் கூடுதலுக்கும் இடையே எப்போதும் 1/2-க்குக் குறையாத வித்தியாசம் இருக்கிறது. ஒன்று மற்றதற்குப் பக்கத்தில் இருந்தால் போதாது. ஓர் இடத்துக்கு அப்பால் எந்த இரண்டை எடுத்தாலும் நெருங்கியிருக்க வேண்டும்.

வால்ட்டர் ரூடினின் ‘பிரின்சிபிள்ஸ் ஆஃப் மேத்தமேட்டிகல் அனாலிசிஸ்’ பற்றிச் சொல்லாமல் இந்தப் பேச்சு முடியாது. முதல் பதிப்பு 1953. இன்று விற்பனையில் இருப்பது 1976-இன் மூன்றாம் பதிப்பு. தனியாகப் படிப்பவர் இதை முதல் நூலாக எடுக்க வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. அதே அளவு உறுதியாகச் சொல்வேன்: இரண்டாம் நூலாக இதற்கு ஈடு இல்லை. தொடர்வரிசைகள் மூன்றாம் அத்தியாயத்தில்; அதற்கு முன்பே இரண்டாவதில் மெட்ரிக் வெளியும் திறந்த உறைகள் (கணத்தை மூடும் திறந்த கணங்களின் தொகுதிகள்) வழியான காம்பேக்ட் வரையறையும் வந்துவிடுகின்றன. உதாரணம் கையில் இல்லாமல் வரும் வரையறை மனதில் ஒட்டாது.

முதல் பக்கங்களிலேயே ஒரு சோதனை இருக்கிறது. வர்க்கம் 2-க்குக் குறைந்த விகிதமுறு எண்களில் பெரியது என்று ஒன்று இல்லை என்று காட்ட, பி என்ற எண்ணிலிருந்து கியூ = பி − (பி² − 2)/(பி + 2) என்ற புதிய எண்ணை ரூடின் எடுத்து வைக்கிறார். எங்கிருந்து வந்தது என்று ஒரு சொல் இல்லை. வரைபடம் போட்டால் தெரியும். எக்ஸ்² − 2 என்ற வளைவில் பி என்ற இடத்தையும் 2 என்ற இடத்தையும் நேர்க்கோட்டால் இணையுங்கள். அந்தக் கோட்டின் சாய்வு பி + 2. அது கிடையச்சை வெட்டும் இடம்தான் கியூ. பி 1 என்றால் கியூ 4/3. அதையே மறுபடி போட்டால் 7/5, பிறகு 24/17. கடைசியின் வர்க்கம் 576/289, இரண்டைவிடச் சற்றே குறைவு. ரூடினைப் படிப்பது என்றால் இப்படித்தான்: ஒவ்வொரு பக்கத்துக்கும் அருகில் ஒரு வெற்றுத்தாள், விடுபட்ட காரணத்தை நீங்களே எழுதி நிரப்ப. ஒரு மணி நேரத்தில் இரண்டு பக்கம் நகர்ந்தால் நல்ல வேகம். விடை எதுவும் பின்னால் இல்லை. ஆனால் பயிற்சிகளின் தரம் அபாரம். பல கணக்குகள் பெரிய தேற்றங்களையே துண்டு துண்டாக உங்கள் கையால் நிறுவ வைக்கும்.

டெரன்ஸ் டாவின் ‘அனாலிசிஸ்’ இரண்டு பாகமும் 2006-இல் இந்தியாவின் ஹிந்துஸ்தான் புக் ஏஜென்சி வெளியிட்டவை. பியானோ கோட்பாடுகளிலிருந்து (இயல் எண்களின் அடிப்படை விதிகள்) இயல் எண்களைக் கட்டி, மெய்யெண்களுக்கு ஐந்தாம் அத்தியாயத்தில்தான் வந்து சேர்கிறார். நிறுவல் எழுதவே வராதவருக்கு அருமருந்து. அவசரம் உள்ளவருக்கு ஒத்துவராது.

கணக்குத் தொகுப்புகளில் காச்சோர், நோவாக் இருவரும் எழுதிய மூன்று பாகங்கள் என் முதல் தேர்வு. அமெரிக்கக் கணிதச் சங்கம் 2000 முதல் 2003 வரை வெளியிட்டது. முதலாவது எண்கள், தொடர்வரிசைகள், தொடர்கள், இரண்டாவது தொடர்ச்சி, வகையிடல், மூன்றாவது தொகையிடல். முதல் பாதியில் கணக்குகள், பின்பாதியில் முழுத் தீர்வுகள். இதன் பலமும் ஆபத்தும் அந்தப் பின்பாதிதான். இருபது நிமிடம் மல்லாடிவிட்டுத் தீர்வைப் பார்ப்பவருக்கு எல்லாம் புரிந்ததுபோல் இருக்கும், அடுத்த கணக்கில் கை ஓடாது. ஒரு கணக்குக்கு இரண்டு உட்காரலாவது கொடுங்கள். பிறகும் நகரவில்லை என்றால் தீர்வின் முதல் இரண்டு வரியை மட்டும் பார்த்துவிட்டு மற்றதைத் தாளால் மூடுங்கள். முழுவதும் பார்த்துவிட்டால் தேதி போட்டுக் குறித்துக்கொண்டு, ஒரு வாரம் கழித்துப் பார்க்காமல் எழுதுங்கள். எல்லாக் கணக்கும் போட வேண்டியதில்லை. ஒவ்வொரு பிரிவிலும் முதல் மூன்றில் ஒரு பங்கு முதலாண்டுக்குத் தாராளம்.

மாஸ்கோவின் மிர் பதிப்பகம் ஆங்கிலத்தில் கொண்டுவந்த தெமிதோவிச் தொகுப்பு வேறு ரகம். மூவாயிரத்துக்கு மேற்பட்ட கணக்குகள், கணிசமானவை கணக்கிடும் வேலை, பின்னால் விடை. எல்லை காண்பதிலும் தொகையிடுவதிலும் கை வேகம் வேண்டுமானால் இதற்கு நிகர் இல்லை. நிறுவல் பழக மட்டும் உதவாது. கெல்பாம்-ஓம்ஸ்டெட்டின் எதிருதாரண நூல், 1964-இல் வந்தது, பக்கத்திலேயே இருக்கட்டும். ‘இந்த நிபந்தனையை எடுத்துவிட்டால் என்ன ஆகும்?’ என்ற கேள்வி எழும்போதெல்லாம் நீங்களே ஓர் உதாரணம் தேடிவிட்டு அதைத் திறங்கள்.

எழுதும் முறையும் நூல் அளவுக்கு முக்கியம். நோட்டுப் புத்தகத்தில் இடப்பக்கம் கரட்டு வேலை, வலப்பக்கம் சுத்தப் பிரதி. எப்சிலானிலிருந்து பின்னோக்கிப் போய் 7-ஐக் கண்டுபிடிப்பது இடப்பக்கம். ‘எப்சிலான் தரப்பட்டுள்ளது, டெல்டா இதுவாக இருக்கட்டும்’ என்று முன்னோக்கி வருவது வலப்பக்கம். இரண்டையும் கலந்து எழுதினால் எது அனுமானம், எது முடிவு என்று ஒரு வாரம் கழித்து எழுதியவருக்கே தெரியாது.

வாங்கும் விஷயம். தேசிய நூலகத்தின் மூன்று வாரக் கடன் நாவலுக்குச் சரி, இந்த நூல்களுக்குக் காணாது. எதை வாங்குவது என்று முடிவெடுக்க மட்டும் பயன்படுத்துங்கள். பழைய பிரதிக்கு பிராஸ் பசா காம்ப்ளெக்ஸ் கடைகளை ஒரு சுற்றுப் பாருங்கள். ஊருக்குப் போய்வரும் உறவினர்களிடம் சொல்லி இந்தியப் பதிப்பு வாங்குவதும் உண்டு, விலை குறைவு. தாள் மெலிதாக இருந்தால் ஓரக் குறிப்பை மென்மையான பென்சிலில் மட்டும் எழுதுங்கள். தேசிய சேவையில் இருப்பவர்கள் அபட்டை மட்டும் பையில் வைத்துக்கொள்ளுங்கள், மற்றவை வீட்டில் இருக்கட்டும். வாரத்துக்கு ஒரு பிரிவு, ஐந்தாறு கணக்கு என்று போனாலே ஒன்றரை ஆண்டுக்குள் நூல் முடிந்துவிடும்.

தொகையிடல் அத்தியாயத்துக்கு வந்ததும் கூடுதலாக ஒன்று செய்யுங்கள். ரீமன் தொகையிடலில், இடைவெளியைத் துண்டாக்கும் பிரிவினையின் நுண்மையைக் காட்டும் டெல்டா ஒரு மாறிலி. அதைப் புள்ளிக்குப் புள்ளி மாறும் நேர்மச் சார்பாக்கினால் ஹென்ஸ்டாக்-குர்ஸ்வைல் தொகையிடல் கிடைக்கிறது. மாற்றம் அவ்வளவுதான். பலன் பெரிது: ஒரு சார்பின் வகைக்கெழு எதுவானாலும் தொகையிட முடியும், ரீமனில் அது முடியாது. இந்தத் துறைக்குச் சிங்கப்பூரில் ஆழமான வேர் உண்டு. ஹென்ஸ்டாக்கிடம் பயின்ற லீ பெங் யீ இங்கே நெடுங்காலம் கற்பித்தவர். அவருடைய ‘லான்சோ லெக்சர்ஸ் ஆன் ஹென்ஸ்டாக் இன்டக்ரேஷன்’ 1989-இல் இங்குள்ள வேர்ல்டு சயன்டிஃபிக் பதிப்பாக வந்தது. அதைத் தொடக்கத்திலேயே எடுக்க வேண்டாம். பார்ட்டில்-ஷெர்பர்ட்டின் பத்தாம் அத்தியாயமும் அபட்டின் எட்டாம் அத்தியாய முதல் பிரிவும் இதையே எளிமையாகத் தருகின்றன. இரண்டையும் முடித்துவிட்டு அங்கே போங்கள். ரூடினில் எட்டு அத்தியாயத்தோடு நிறுத்திக்கொள்ளலாம். பல மாறிகளுக்கும் லெபேக் தொகையிடலுக்கும் அவருடைய கடைசி மூன்று அத்தியாயங்கள் மிகவும் இறுக்கமானவை. அவற்றுக்கு வேறு தனி நூல் எடுப்பதே நல்லது.