எல்லைத் தகராறு: பொலிஸ் முறைப்பாடா, 66ஆம் பிரிவா, மாவட்ட நீதிமன்றமா?

ஹட்டன், பண்டாரவளை நகரங்களை ஒட்டிய பத்துப் பேர்ச்சஸ் காணியிலும் சரி, லயத்துக்குப் பின்னாலுள்ள மரக்கறிப் பாத்தியிலும் சரி, எல்லைத் தகராறு என்றால் நம்மவர்கள் முதலில் போவது பொலிஸுக்குத்தான். அயலவர் இரவோடிரவாகக் கம்பிக்கட்டைகளைப் பிடுங்கி, மூன்றடி உள்ளே நட்டு, லீக்ஸ் பாத்தியையும் மிதித்துப் போட்டிருந்தால், மறுநாள் காலையில் அத்துமீறல் என்று முறைப்பாடு பதிவாகிவிடும்.

அந்த முறைப்பாடு எவ்வளவு தூரம் போகும்? இலங்கைத் தண்டனைச் சட்டக்கோவையின் 427ஆம் பிரிவின்படி, பிறர் வசமுள்ள இடத்துக்குள் நுழைந்தது மட்டும் குற்றமாகாது. குற்றம் புரியவோ, அங்கிருப்பவரை அச்சுறுத்தவோ, அவமதிக்கவோ, தொல்லைப்படுத்தவோ எண்ணியே நுழைந்தார் என்பதையும் நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் நிரூபிக்க வேண்டும். எதிராளி ஒரு நில அளவைப் படத்தை நீட்டி, "என் காணியென்று நம்பித்தான் கட்டை நட்டேன்" என்றால் வழக்குத் தளர்ந்துவிடும். தண்டனை கிடைத்தாலும், கட்டையைப் பழைய இடத்தில் நடுவது அவ்வழக்கின் நோக்கமல்ல.

1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவு வேறு கேள்வியைக் கேட்கிறது: காணி யாருடையது என்பதல்ல, யார் வசம் இருந்தது என்பதே அது. காணித் தகராறால் அமைதி குலையும் நிலை இருந்தால் பொலிஸார் நீதிமன்றத்துக்கு அறிக்கையிட வேண்டும். அவர்கள் தாமதித்தால் பாதிக்கப்பட்டவரே சத்தியக்கடதாசியுடன் மனுச் செய்யலாம். உறுதி (காணிப் பத்திரம்) இல்லாமலே பரம்பரையாகப் பயிரிட்டு வரும் தோட்டக் குடும்பத்துக்கு, அயலவரோடான தகராறில் இந்த வழியே கைகொடுக்கக்கூடியது. மூன்று மாதத்துக்குள் விசாரணையை முடிக்க வேண்டுமென்று சட்டம் சொல்கிறது; நடைமுறையில் அது இழுபடுவதும் உண்டு.

இங்கே பலர் கோட்டைவிடுவது காலக்கணக்கில்தான். பலவந்தமாக வெளியேற்றப்பட்டவர் மீண்டும் வசம் பெற வேண்டுமானால், நீதிமன்றத்தில் தகவல் (பொலிஸ் அறிக்கை அல்லது மனு) தாக்கலான நாளுக்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் அந்த வெளியேற்றம் நடந்திருக்க வேண்டும். பொலிஸில் முறைப்பாடு எழுதிய நாள் இந்தக் கணக்கில் வராது. "அடுத்த கிழமை வாங்க" என்ற பதிலை நம்பி, இடையில் மத்தியஸ்த சபைக்கும் போய்வந்தவர், எதிராளி கட்டையோடு நிலைத்துவிட்டதைக் காண்பார். முறைப்பாட்டின் உறுதிப்படுத்திய பிரதிக்கு மட்டும் மதிப்புண்டு. அன்றைய நிலையைக் காட்டும் சான்றாக அதை மனுவோடு இணைக்கலாம்.

66ஆம் பிரிவின் கட்டளைக்கு மேன்முறையீடு இல்லை. மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு கோரலாம். ஆனால் அந்தக் கட்டளை தற்காலிக ஏற்பாடே. உரித்தை, அதாவது காணி யாருக்குச் சொந்தம் என்பதை, இறுதியாகத் தீர்ப்பது மாவட்ட நீதிமன்றம். அங்கே நீதிமன்றம் நியமிக்கும் ஆணையாளராக நில அளவையாளர் வருவார், உறுதிகள் தலைமுறை தலைமுறையாக ஆராயப்படும், செலவும் வருடங்களும் கூடும். இரண்டு மாதத்தைத் தவறவிட்டவருக்கும் அங்கே ஒரு வாய்ப்பு உண்டு: 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தின் 4ஆம் பிரிவின்கீழ், வசம் இழந்த ஒரு வருடத்துக்குள், அதை மீளப் பெற வழக்கிடலாம்.

ஆகவே கட்டை நகர்ந்த தகராறில் 66ஆம் பிரிவையே நான் முன்னால் வைப்பேன். போலி உறுதி தயாரித்து காணி விற்கப்பட்டிருந்தால் வரிசை மாறும்: அது உண்மையிலேயே குற்றம், முறைப்பாடு முதலில் வர வேண்டும். அப்போதும் பதிவேட்டிலுள்ள அந்த உறுதியை வறிதாக்க மாவட்ட நீதிமன்றத்தில் தனியாக வழக்கிட வேண்டியிருக்கும்.