போவிஸ் கோட்டை: ஒரு பட்டம் மூன்று முறை பிறந்த வீடு

வேல்ஸில் வெல்ஷ்பூல் ஊரை ஒட்டி, சிவப்புக் கல்லில் எழும்பி நிற்கிறது போவிஸ் கோட்டை. 1952 முதல், பழைய மாளிகைகளைக் காக்கும் நேஷனல் டிரஸ்ட் என்ற அறக்கட்டளையின் பராமரிப்பில் இருக்கிறது. பெரும்பாலானோர் தோட்டத்துக்காகவே வருகிறார்கள். மலைச்சரிவில் படிப்படியாக இறங்கும் அந்தத் தோட்டம் எத்தனை பாராட்டுக்கும் தகும். ஆனால் ஒரு பிரிட்டிஷ் பிரபுக் குடும்பம் பட்டத்தை எப்படிப் பெற்றது, இழந்தது, திரும்ப வாங்கியது என்று ஒரே கூரையின் கீழ் பார்க்க விரும்புகிறவர்கள், உள்ளே போகாமல் திரும்பவே கூடாது.

உள்ளே குழப்புவது ஒன்றுதான்: 'போவிஸ் ஏர்ல்' என்ற ஒரே பெயரில் மூன்று தனித்தனிப் பட்டங்கள். ஏர்ல் என்பது பிரபுப் பட்டங்களில் ஒரு படிநிலை. 1587-இல் கோட்டையை வாங்கியது ஹெர்பர்ட் குடும்பம். அதில் வந்த வில்லியம் 1674-இல் ஏர்ல் ஆகி, 1687-இல் அதற்கு மேற்படியான மார்க்வெஸாக உயர்ந்தார். கத்தோலிக்கரான அவர், இரண்டாம் ஜேம்ஸ் மன்னர் நாட்டை விட்டு ஓடியபோது கூடவே பிரான்சுக்குப் போனார். அந்த வழி 1748-இல் ஆண் வாரிசின்றி முடிந்தது. அதே ஆண்டு ஹெர்பர்ட் குடும்பத்தின் இன்னொரு கிளைக்குப் புதிதாக அதே பெயரில் பட்டம் கிடைத்தது. அதுவும் 1801-இல் அற்றுப்போனது. மூன்றாவது 1804-இல் எட்வர்ட் கிளைவுக்கு. ஆகவே ஓவியத்தில் 'முதலாம் ஏர்ல்' என்று கண்டால் உடனே ஆண்டைப் பாருங்கள். அந்தப் பெயருக்கு உரியவர்கள் மூன்று பேர்.

இந்த எட்வர்ட், வங்காளத்தில் பிளாசிப் போரில் வென்ற ராபர்ட் கிளைவின் மகன். அப்பாவுக்கு 1762-இல் கிடைத்தது அயர்லாந்துப் பட்டம்தான்: 'பிளாசியின் பாரன் கிளைவ்'. அது பிரபுக்கள் சபையில் இடம் தராது; அதனால் அவர் காமன்ஸ் சபையிலேயே தொடர்ந்தார். பட்டத்துக்கேற்ற ஊர் வேண்டும் என்று அயர்லாந்தில் நிலம் வாங்கி, அதற்கே பிளாசி என்று பெயர் வைத்தார். மகனோ 1784-இல் ஹென்ரியெட்டா ஹெர்பர்ட்டை மணந்தார். 1801-இல், ஏர்லாக இருந்த அவளுடைய அண்ணன் திருமணமாகாமலே இறக்க, சொத்து எட்வர்ட்-ஹென்ரியெட்டா தம்பதியின் மகனுக்குப் போனது. ஹெர்பர்ட் என்று பெயர் மாற்றிக்கொண்டால்தான் சொத்து என்பது நிபந்தனை. 1807-இல் அந்தப் பிள்ளை மாற்றிக்கொண்டார். கிளைவ் பணமும் ஹெர்பர்ட் பெயரும் இப்படித்தான் ஒன்று சேர்ந்தன.

எட்வர்ட் 1798 முதல் 1803 வரை சென்னை ஆளுநர். கட்டபொம்மனும் மருது சகோதரர்களும் தூக்கிலிடப்பட்டதும், 1801-இல் கர்நாடக நவாபின் ஆட்சி கிழக்கிந்தியக் கும்பெனிக்குக் கைமாறியதும் இவர் காலத்தில்தான். இன்று ராஜாஜி மண்டபம் என்று நாம் சொல்லும் கட்டடமும் இவர் கட்டுவித்ததே. பதவி முடிந்த மறு ஆண்டே ஏர்ல் பட்டம்.

அதனால் கோட்டையிலுள்ள கிளைவ் அருங்காட்சியகத்தைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். முதலில் அறைகளையும் ஓவியங்களையும் பார்த்து, வம்சம் மனதில் பதிந்த பிறகு போனால்தான் அங்குள்ள பொருள்கள் பேசும். அவசரப்பட்டு நுழைகிறவர்களுக்கு அது வெறும் இந்தியக் கலைப்பொருள் கூடமாகவே தோன்றும். திப்புவின் கூடாரத்துக்கு நேரம் ஒதுக்குங்கள்: வெள்ளைப் பருத்தித் துணி, அதில் வரிசையாக ஜாடிகள், ஒவ்வொன்றிலும் பூங்கொத்து. சாயம் வெளிறாமலிருக்க விளக்கொளியைக் குறைத்தே வைத்திருப்பார்கள். கண் பழக ஓரிரு நிமிடம் ஆகும். திப்புவின் சிம்மாசனத்தை அலங்கரித்த புலித்தலைகளில் ஒன்றும் இங்கே இருக்கிறது. தங்கத்தில் செய்து கல் பதித்தது, உள்ளங்கையில் அடங்கும் அளவு. 1799-இல் ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்தபோது நடந்த கொள்ளையின் பங்கு இது. 'சேகரிப்பு' என்று மென்மையாகச் சொல்லிக் கடப்பது சரியல்ல.

1800-இல் ஹென்ரியெட்டா தன் இரு மகள்களோடு சென்னையிலிருந்து பெங்களூர், ஸ்ரீரங்கப்பட்டணம், கோயம்புத்தூர், திருச்சி, தஞ்சாவூர் என்று சுற்றி வந்தார். அந்த வழித்தடத்தைத் தெரிந்துகொண்டு போனால், இந்தப் பொருள்களின் பின்னாலிருக்கும் ஊர்களும் உங்களுக்குத் தெரியும்.

ஷ்ரூஸ்பரியிலிருந்து ரயிலில் வெல்ஷ்பூல் அரை மணிக்குள். நிலையத்திலிருந்து நடந்தால் ஏற்றப் பாதை. தோட்டமும் கோட்டையும் ஒரே நேரத்தில் திறப்பதில்லை. அன்றைய நேரத்தைப் பார்த்துவிட்டுக் கிளம்புங்கள். டிரஸ்ட் உறுப்பினர்களுக்கு நுழைவு இலவசம். தோட்டத்தில் செங்குத்தான இறக்கமும் படிகளும் உண்டு. முட்டிவலிக்காரர்கள் மேல் அடுக்கோடு நிறுத்திக்கொள்ளலாம். பாதி நாளில் முடித்துவிடலாம் என்று வராதீர்கள். ஒரு முழு நாள் வேண்டும்.