கிளிநொச்சியில் சுஜாதா தட்டு

ஏ9 வீதியோரப் புத்தகக் கடையில் சுஜாதாவுக்கென்றே தனித் தட்டு வைத்திருக்கிறார்கள். வன்னியில் இது பெரிய விசயம். சுஜாதா என்ற புனைபெயரில் எழுதிய ரங்கராஜன் 1935இல் பிறந்து 2008இல் மறைந்தவர்; பெங்களூர் பாரத் எலெக்ட்ரானிக்ஸில் பொறியியலாளராக இருந்து மின்னணு வாக்குப்பதிவு இயந்திர உருவாக்கத்தில் பங்கெடுத்தவர். அந்தக் கைப்பழக்கம் எழுத்திலும் தெரியும். ‘என் இனிய இயந்திரா’ நாவலின் ஜீனோ என்ற இயந்திர நாய் வாயாடுகிறது, புத்தகம் படிக்கிறது; பிறகு மனிதரை விடத் தெளிவாக யோசிக்கவும் தொடங்குகிறது. தமிழில் இப்படியொரு பாத்திரம் அபூர்வம்.

‘மீண்டும் ஜீனோ’ இதன் தொடர்ச்சி. கடையில் இரண்டையும் கலந்து அடுக்கியிருக்கிறார்கள். மாறி வாங்கினால் முதல் கதையின் முடிச்சு முழுக்க அவிழ்ந்துவிடும். எது முதல் என்று ஒரு துண்டு ஒட்டிவிடலாமே!

வாங்கும்போது நடுப்பக்கத்தை விரித்து முதுகைப் பாருங்கள். பசை மட்டும் போட்ட கட்டு, வன்னி வெக்கையில் காய்ந்து வெடித்துத் தாள் தாளாகக் கழரும். நூல் தையல் உள்ள பிரதி தாங்கும். மாரியில் கீழ்த்தட்டுப் பிரதிகள் ஈரம் இழுத்து அலையலையாக நெளிந்திருக்கும், மேலிருந்து எடுங்கள். இந்திய விலையை இலங்கை ரூபாவாக்க எத்தனையால் பெருக்குகிறார்கள் என்பதையும் முதலே கேளுங்கள்.