நெப்போலியன் காலப் பீரங்கிகளோடு பல வருஷம்: ஒரு கணினி விளையாட்டு அனுபவம்

நெப்போலியன் காலப் போர்களை அறுகோணக் கட்டங்களில் நடத்தும் கணினி விளையாட்டு ஒன்றைப் பல வருஷமாக ஆடுகிறேன். அதில் வரும் குதிரைப்படை பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். என்னை இன்னும் பிடித்துவைத்திருப்பது பீரங்கிதான்.

1765-ல் பீரங்கிப்படை அதிகாரி கிரிபோவால் கொண்டுவந்த சீர்திருத்தத்தால் பிரெஞ்சுப் பீரங்கிகளின் எடை வெகுவாகக் குறைந்தது. குதிரைகளை அவிழ்த்த பிறகும் ஆட்களே கொஞ்ச தூரம் இழுத்துப்போக முடிந்தது. விளையாட்டிலும் அப்படியே. 8 பவுண்டு பீரங்கி (குண்டின் எடையை வைத்த பெயர்) ஒரே டர்னில், அதாவது நம் ஒரு முறை ஆட்டத்தில், ஒரு கட்டம் நகர்ந்து சுடவும் செய்யும். 12 பவுண்டு ஏதாவது ஒன்றைத்தான் செய்யும்.

இதன் அருமை பிரெஞ்சுப் படை ரஷ்யர்களோடு மோதிய ஃப்ரீட்லாந்து களத்தில் தெரியும். 1807 ஜூன் 14 அன்று பிரெஞ்சுப் பீரங்கிப்படைத் தளபதி செனார்மோன் சுமார் 30 பீரங்கிகளைத் திரட்டிக் காலாட்படைக்கும் முன்னால் கொண்டுபோனார். எதிரிப் பீரங்கிகளைச் சட்டை செய்யவில்லை. ரஷ்யக் காலாட்படையையே குறிவைத்துச் சுட்டுச் சுட்டு நெருங்கி, கடைசியில் 100 மீட்டருக்கும் குறைவான தூரத்திலிருந்து கேனிஸ்டர் குண்டுகளை (சிறு உருண்டைகள் அடைத்த தகர டப்பாக்கள்) கொட்டினார். குறுக்கே பாய்ந்த குதிரைப்படையையும் கேனிஸ்டரே விரட்டியது. பீரங்கியே தாக்கும் படையாக மாறிய நாள் அது. விளையாட்டில் பின்னால் நிறுத்திச் சுட்டால் ரஷ்ய அணி அசையாது. கட்டம் கட்டமாக முன்னேறினால் நான்கைந்து டர்னில் கலைந்துவிடும். ஒவ்வொரு முறையும் சிலிர்க்கிறது!

வாட்டர்லூதான் ஏமாற்றம். 1815-ல் அங்கே நெப்போலியன் நிறுத்திய பெரும் பீரங்கி அணியில் சுமார் 80 பீரங்கிகள். இரும்புக் குண்டு தரையில் பட்டு எழும்பித் தத்திப் போனால்தான் வரிசை வரிசையாக ஆட்களைச் சாய்க்கும். முந்தைய இரவு மழையில் ஊறிய மண்ணில் பல குண்டுகள் விழுந்த இடத்திலேயே புதைந்தன. போதாததற்கு, எதிரே நின்ற பிரிட்டிஷ் தளபதி வெலிங்டன் தன் படையில் பெரும்பகுதியை மேட்டின் மறுபுறச் சரிவில் மறைத்திருந்தார். சரிவின் பாதுகாப்பை விளையாட்டு நன்றாகவே கணக்கிடுகிறது. சேறோ நடையை மட்டும்தான் தாமதப்படுத்துகிறது, குண்டை ஒன்றும் செய்வதில்லை. எத்தனை அப்டேட் வந்தும் இதைத் திருத்தவில்லை.

அதனால் நான் சினாரியோ எடிட்டரில் (களத்தின் விவரங்களை நாமே மாற்றும் வசதி) இரும்புக் குண்டின் தாக்கும் மதிப்பைப் பாதியாக்கி ஆடுகிறேன். கேனிஸ்டரில் கை வைக்க வேண்டாம். புதிதாக வாங்குபவர்கள் வெடிமருந்துக் கட்டுப்பாட்டையும் முதலிலேயே ஆன் செய்துவிடுங்கள். இல்லாவிட்டால் 12 பவுண்டு பீரங்கிகள் காலையிலிருந்து மாலை வரை ஓயாமல் சுட்டுக்கொண்டே இருக்கும்.