ஒட்டாத தாச்சியும் ஆடும் கைபிடியும்

கைபிடியின் திருகாணி போன கிழமை மூன்றாவது தடவையாகக் கழன்றது. கடையில் வாசர் வைத்து இறுக்கிக்கொண்டு வந்த அன்று மாலையே மச்சாள் தொலைபேசியில் கேட்டாள்: "அந்த ஒட்டாத தாச்சி எப்படி? நானும் ஒன்று வாங்கலாமா?"

2021 இல் வாங்கியது. முள் நீக்கிய அறுக்குளாத் துண்டு பொரிப்பதற்கென்றே வாங்கினேன். இரும்புத் தாச்சியில் அது எனக்கு ஒருநாளும் சரிவரவில்லை. தட்டகப்பையை நுழைத்ததும் பூசிய தூளெல்லாம் தாச்சியோடு தங்கிவிடும், வெறும் வெள்ளைத் தசைதான் கோப்பைக்கு வரும்.

இதில் அப்படியில்லை. பாசையூர்ச் சந்தையில் காலையில் வாங்கிய மீனுக்குத் தூள், மஞ்சள், உப்பு, அரைத்த உள்ளி, தேசிக்காய்ப்புளி பூசி அரை மணித்தியாலம் வைப்பேன். கூட வைத்தால் புளியே தசையை உதிர்த்துவிடும். ஈரத்தை ஒற்றியெடுத்து, இரண்டு மேசைக்கரண்டி எண்ணெயில், நடுத்தர நெருப்பில் போட்டுவிட்டு மூன்று நிமிடம் தொடவே கூடாது. எங்கள் தூள் ஏற்கெனவே வறுத்து இடித்தது; நெருப்புக் கூடினால் கருகிக் கைத்துவிடும். திருப்பும்போது செம்மண் நிறத்தில் மொறுமொறுத்த மேற்பக்கம் முழுதாக எழும்பி வரும். நான்கு ஆண்டுகளாகியும் அதைப் பார்க்கும் சந்தோசம் எனக்குக் குறையவில்லை.

ஆனால் அந்தக் கைபிடி! 2022 இல் எரிவாயு கிடைக்காத மாதங்களில் விறகடுப்பில் வைத்தேன். சுவாலை கைபிடியின் அடியைத் தீய்த்தது. அது என் பிழை. தாச்சியின் ஒட்டாத பூச்சு ஏறத்தாழ 260 பாகை செல்சியசுக்கு மேல் சிதையத் தொடங்கும், விறகில் வைத்திருக்கவே கூடாது. ஆனால் திருகாணி முதலில் கழன்றது அதற்கும் முன்னர், வாங்கி நான்காம் மாதம். எண்ணெய் கொதிக்கும் தாச்சி என் கையிலேயே சுழன்றது. பக்கத்தில் மகள் நின்றாள். எண்ணெய் நிலத்தில் கொட்டியது. பிள்ளையின் காலுக்கும் அதற்கும் ஒரு சாண் தூரம்கூட இல்லை. இவ்வளவு நல்ல தாச்சிக்கு ஒரேயொரு திருகாணி வைத்தவர்களை நினைத்தால் இன்றும் கோபம் வருகிறது. இரண்டு ஆணி அறைந்து பொருத்தியிருந்தால் என்ன குறைந்திருக்கும்?

மச்சாளிடம் வாங்க வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். அவள் வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருவர்.

நாளைக்கு அறுக்குளா பொரிக்கிறேன், இதே தாச்சியில்தான். மகளைக் குசினிக்குள் விடமாட்டேன்.