பாத்டப்ல ஹேர் டை கறை: வாங்கிப் பாத்த சாமான்ல எது தேறுச்சு, எது தண்டம்

முதல்லயே ரிசல்ட்ட சொல்லிடறேன், அவசரத்துல இருக்கறவங்க இதோட கிளம்பிடலாம். வெள்ளை அக்ரிலிக் டப், கறுப்பு பவுடர் டை, நல்லா காஞ்சு போன கறை. இதுக்கு உருப்படியா வேலை செஞ்சது பார்மசில காயத்துக்கு விக்கற 3 சதவீத ஹைட்ரஜன் பெராக்சைடும் பேக்கிங் சோடாவும் கலந்த பேஸ்ட்தான், மேல சமையலறை கிளிங் ராப் ஒட்டி விட்டுடணும். ரெண்டும் சேர்த்து 10 வெள்ளிக்குள்ள (சிங்கப்பூர் டாலர்) முடிஞ்சுது. அதுக்கு முன்னாடி ஷெல்ஃப்ல பளபளன்னு நின்ன ஸ்ப்ரே பாட்டில்களுக்கு நான் கொட்டுனது இதை விட ஜாஸ்தி.

சிங்கப்பூர்ல பாத்டப் கறைக்கு ரிவியூவான்னு சிரிக்காதீங்க. எச்டிபில, அதான் அரசு கட்டின அடுக்குமாடில இருக்கறவங்களுக்கு டப் ஏது, அவங்களுக்கு சிங்க்கும் டைல்ஸ் இடுக்கும்தான் தலைவலி. ஆனா பழைய கொண்டோ, அதாவது தனியார் அப்பார்ட்மென்ட், வாடகைக்கு எடுத்தீங்கன்னா மாஸ்டர் பெட்ரூம் பாத்ரூம்ல ஒரு டப் படுத்திருக்கும், அதுல யாரும் படுத்து குளிக்கறதில்ல, வாளி வைக்க, பெட்ஷீட் ஊற வைக்க, தீபாவளிக்கு முந்தின வாரம் டை அடிச்சுட்டு தலை அலச, அவ்ளோதான். எங்க அத்தை ஊர்லேர்ந்து வரும்போது பெட்டில முறுக்கோட டை பாக்கெட்டும் கட்டிட்டு வருவாங்க, இதே பாக்கெட் இங்க முஸ்தபா கடைல அடுக்கி வச்சிருக்கான் அத்தைன்னு சொன்னா, இருக்கட்டும்மா அங்க வெலை ஜாஸ்தின்னு பதில் வரும். சரி, அவங்க தலை கறுப்பாச்சு, டப்போட ஓரம், வடிகால் சுத்தி, சோப்பு வைக்கற குழி எல்லாமும் கறுப்பாச்சு. லீஸ் முடிய கொஞ்ச நாள்தான் இருக்கு, ஏஜென்ட் செல்போன்ல மூலை மூலையா போட்டோ எடுக்கற ஆளு. டை கறைய எந்த ஓனரும் வேர் அண்ட் டேர், அதாவது புழங்கினதால வர்ற தேய்மானம்னு ஒத்துக்க மாட்டாங்க, டெபாசிட்லதான் கை வைப்பாங்க. ரெண்டு வருஷத்துக்கு மேல போகாத வீட்டு வாடகைன்னா சின்ன தொகை வழக்கு பாக்கற ஸ்மால் கிளெய்ம்ஸ் டிரைபியூனல் வரைக்கும் போகலாம்தான், ஆனா அங்க போய் இது எங்க அத்தையோட டைதாங்கன்னு நாமளே சாட்சி சொல்றதுக்கு டப்ப கழுவிடறது மேல்.

இந்தக் கறை ஏன் இப்படி பிடிவாதம் பிடிக்குதுன்னு தெரிஞ்சா எதை வாங்கணும்னு பாதி தெளிவாயிடும். நம்ம ஆளுங்க அடிக்கற கறுப்பு டைல பெரும்பாலும் பிபிடின்னு ஒரு கெமிக்கல் இருக்கும், பிளாக் ஹென்னான்னு போட்டு விக்கறதுலயும் நிறைய பாக்கெட்டுல இதே கதைதான், அட்டைய திருப்பி பொடி எழுத்த படிச்சா பாரா-ஃபினைலின்டையமின்னு போட்டிருக்கும். இது கலக்கறப்போ அவ்ளோ கலர் இருக்காது, சின்ன சின்ன மூலக்கூறு, முடிக்குள்ள நுழைஞ்ச பிறகு ஆக்சிஜனோட சேர்ந்து பெரிய மூலக்கூறா மாறி கறுப்பாகி உள்ளேயே மாட்டிக்கும். டப்லயும் அதேதான் நடக்குது. மேல கண்ணுக்குத் தெரியாத கீறல்கள்ல இறங்கி, அங்கயே கறுத்துடும். அதனாலதான் அலசுன உடனே லேசா பழுப்பா தெரிஞ்சது மறுநாள் காலைல கரிக்கட்டையா நிக்குது. சோப்பு போட்டு தேய்ச்சா அழுக்கும் எண்ணெயும் போகும், இது ரெண்டும் இல்ல. கலர் மூலக்கூற உடைக்கற சாமான் வேணும், அது உள்ள இறங்க நேரமும் வேணும். கைவலிக்க தேய்க்கறது இதுல பைசாவுக்கு பிரயோஜனம் இல்ல.

கடைக்கு ஓடறதுக்கு முன்னாடி உங்க டப் என்ன மெட்டீரியல்னு பாருங்க. ஃபிரிட்ஜ்ல ஒட்டியிருக்கற மெர்லயன் மேக்னட் ஒண்ணை எடுத்து டப் பக்கத்துல வைங்க. ஒட்டுச்சுன்னா இரும்பு மேல எனாமல், அது கண்ணாடி மாதிரி பூச்சு, கெமிக்கல் ஓரளவு தாங்கும் ஆனா ஆசிட் ஆகாது. வழுக்கி விழுந்துச்சு, தட்டினா டொக்குன்னு வெத்து சத்தம் வருதுன்னா அக்ரிலிக்கோ ஃபைபர் கிளாஸோதான். அக்ரிலிக்னா பிளாஸ்டிக், ஈசியா கீறும், சில கெமிக்கல்ல கரையவே கரையும். யூடியூப்ல யாரோ ஒரு அம்மா நெயில் பாலிஷ் ரிமூவர் போட்டு ஒரே துடைப்புல எடுத்தாங்களேன்னு நீங்களும் கிளம்பிடாதீங்க, அவங்க டப் எனாமலா இருந்திருக்கும். ரிமூவர்ல இருக்கற அசிட்டோன் அக்ரிலிக்க கரைச்சு மேல்பாகத்த மங்கலாக்கிடும், கறை போய் அந்த இடத்துல புகை படிஞ்ச கண்ணாடி மாதிரி ஒரு வட்டம் வரும், அதை எந்த சாமானாலயும் எடுக்க முடியாது.

இப்ப வாங்குனது. முதல் ஆள் ஒரு பாத்ரூம் ஸ்ப்ரே, எலுமிச்சை வாசனை, பேர் வேண்டாம், சூப்பர்மார்க்கெட்ல கண் மட்டத்துல வச்சிருப்பாங்க. அடிச்சு விட்டு, சொன்ன நேரம் காத்திருந்து துடைச்சா டப் பளிச்சுன்னு ஆச்சு, கறை மட்டும் இன்னும் தெளிவா தெரிஞ்சுது, சுத்தி இருந்த அழுக்கு போயிடுச்சு இல்ல. சோப்பு படிவத்துக்கு செஞ்சது அது, அதுக்கு 10க்கு 8 குடுப்பேன், டைக்கு 1. அந்த ஒண்ணும் வாசனைக்கு.

அடுத்து வெள்ளை மேஜிக் ஸ்பாஞ்ச், அதான் மெலமைன் நுரை, எல்லா ரெண்டு வெள்ளி கடைலயும் கட்டு கட்டா கிடைக்கும். இது கொஞ்சம் தேறுச்சு, மேலாக்க இருந்த கறை நிஜமாவே போச்சு. ஆனா அது கறைய கரைக்கல, ரொம்ப மெல்லிசான உப்புத்தாள் வேலை பாக்குது, அதே இடத்துல திரும்பத் திரும்ப தேய்ச்சா அக்ரிலிக்கோட மினுமினுப்பு போயிடும், போன இடத்துல அடுத்த தடவை கறை இன்னும் நல்லா பிடிக்கும். கடைசி மிச்சத்துக்கு கை அழுத்தாம ரெண்டு இழுப்புன்னா ஓகே. சிஃப் மாதிரி கிரீம் கிளீனரும் இதே ஜாதிதான், உள்ள சுண்ணாம்புக்கல் துகள் இருக்கு, எனாமல் டப்புக்கு நல்லா பொருந்தும், அக்ரிலிக்குக்கு அளவா.

ஸ்பிரிட்டு, அதாவது ஐசோபுரோப்பைல் ஆல்கஹால். கோவிட் சமயத்துல வாங்கி வச்ச பாட்டில் எல்லார் வீட்டுலயும் ஒண்ணு தூசி படிஞ்சு கிடக்கும். இது ஈரம் காயாத புதுக் கறைக்கு அருமை, பஞ்சுல தொட்டு துடைச்சா கறுப்பு பஞ்சுக்கு வந்துடும். பழைய கறைக்கு லேசா வெளுக்கும், அவ்ளோதான். அக்ரிலிக்ல ஊற வைக்காதீங்க, துடைச்சு உடனே தண்ணி. எங்க பக்கத்து பிளாக் பொண்ணு ஊதா கலர் அடிக்கறவ, அவளுக்கு இதுவே போதுமாம், அந்த ஃபேன்ஸி கலரெல்லாம் ஏற்கெனவே கலரா இருக்கற சாயம், மேலயே உக்காந்திருக்கும், கறுப்பு மாதிரி உள்ள போய் மாறறதில்ல.

இப்ப நம்ம ஹீரோ, அந்த பெராக்சைடு. வாட்சன்ஸ், கார்டியன், யூனிட்டி மாதிரி பார்மசில கேட்டா பிரவுன் பாட்டில்ல குடுப்பாங்க, வெளிச்சம் பட்டா சத்து போயிடும்னுதான் அந்த பிரவுன், அதனால வேற பாட்டில்ல ஊத்தி வைக்காதீங்க, ரொம்ப நாள் திறந்து வச்சதும் வெறும் தண்ணிதான். ஒரு கிண்ணத்துல பேக்கிங் சோடா போட்டு பெராக்சைட கொஞ்சம் கொஞ்சமா விட்டு இட்லி மாவு பதத்துக்கு கொண்டு வாங்க. சோடா காரம், அது சேர்ந்தா பெராக்சைடு சுறுசுறுப்பாகும், அதோட செங்குத்தா இருக்கற டப் சுவத்துல வழியாம ஒட்டவும் செய்யும். கறை மேல கனமா பூசி, காயாம இருக்க கிளிங் ராப் ஒட்டிட்டு போய் சமையல் பாருங்க. இந்த கிளிங் ராப் இல்லாம செஞ்சா பேஸ்ட் காஞ்சு மாவா உதிரும், காஞ்ச பிறகு அது ஒண்ணும் செய்யாது. ஒரு மணி நேரம் கழிச்சு எடுத்தா கறுப்பு பழுப்பாயிருந்துச்சு, திரும்ப பூசினா மஞ்சள், அதுக்கப்புறம் ராத்திரி முழுக்க விட்டதுல கிட்ட போய் உத்துப் பாத்தாதான் தெரியற அளவு. ஏஜென்ட் கண்ணுக்கு இது போதும். கையில கிளவுஸ் போட்டுக்கோங்க, விரல் நுனி வெள்ளையாகி எரியும்.

இதுலயே ஒரு குறுக்கு வழி இருக்கு. கிரீம் டை அடிக்கறவங்க வீட்டுல டையோட கலக்க பெட்டியோட வர்ற டெவலப்பர் மிச்சம் இருந்தா அதுவும் பெராக்சைடுதான், ஏற்கெனவே கிரீமா இருக்கறதால பேஸ்ட் கலக்கற வேலையே இல்ல. சலூன் சாமான் விக்கற கடைல 20 வால்யூம்னு எழுதியிருந்தா 6 சதவீதம், 10னா 3, 40னா 12, அந்த 40 பக்கமெல்லாம் வீட்டு டப்புக்கு போகத் தேவையில்ல.

பிளீச் பத்தி கேப்பீங்க. காவ் ஹைட்டர் மாதிரி சாதா குளோரின் பிளீச்சுக்கு நிச்சயமா வேகம் ஜாஸ்தி, நிறைய தண்ணி கலந்து டிஷ்யூவ நனைச்சு கறை மேல ஒட்டி சில நிமிஷம் விட்டாலே வித்தியாசம் தெரியும். ஆனாலும் நான் இதை ரெண்டாவதாத்தான் வைப்பேன். ஒண்ணு, கொண்டோ பாத்ரூம் நிறைய வீட்டுல ஜன்னலே கிடையாது, ஒரு கிழட்டு எக்ஸாஸ்ட் ஃபேன் மட்டும் முனகிட்டு இருக்கும், அந்த நெடியில மூச்சு திணறுது. ரெண்டாவது, நிறைய கிரீம் டைல அமோனியா இருக்கு, அது டப்ல மிச்சம் இருக்கறப்போ பிளீச் ஊத்துனா குளோரமின் வாயு வரும், தலை அலசுன கையோட பிளீச் பாட்டில எடுக்கறது இதனாலதான் ஆபத்து, முதல்ல நல்லா தண்ணி ஊத்தி கழுவிடணும். வினிகர், டாய்லெட் ஆசிட், ஸ்பிரிட்டு எதுவும் இதோட பக்கத்துல கூட வரக்கூடாது, ஆசிட்டோட சேர்ந்தா குளோரின் வாயுவே வரும். நான் ஒண்ணு செஞ்சு சரியா வரலன்னா அன்னிக்கு இன்னொண்ணை போடறதே இல்ல, அலசி காய விட்டு மறுநாள்தான். அக்ரிலிக்ல பிளீச்ச ராத்திரி முழுக்க விட்டா மஞ்சளாகற சான்ஸும் இருக்கு.

டப்போட அடிப்பாகம் முழுக்க சாயம் படிஞ்சவங்களுக்கு வேற ஒண்ணு சொல்றேன். வேனிஷ் மாதிரி துணிக்கு போடற ஆக்சிஜன் பவுடர், உள்ள சோடியம் பெர்கார்பனேட், தண்ணில பெராக்சைட விடும். வடிகால அடைச்சு கறை முங்கற அளவு சுடுதண்ணி விட்டு பவுடர கரைச்சு விட்டுட்டா போதும், நெடியும் கம்மி. பவுடர் நிறைய செலவாகும், சுவர் கறைக்கு உதவாது, மத்தபடி கைக்கு வேலையே இல்லாத முறை இதுதான். சோம்பேறிகளுக்கு 10க்கு 9.

நடுவுல பயந்து போய் ஒரு கிளீனிங் கம்பெனிக்கு போட்டோ அனுப்புனேன். பாத்த உடனே மேடம் இது போகாது, டப்புக்கு மேல புது கோட்டிங் அடிக்கணும்னு பல நூறு வெள்ளிக்கு ஒரு ரேட் வந்துச்சு. கோட்டிங் அடிக்கறது நிஜமான வேலைதான், கீறி வெடிச்ச டப்புக்கு அது வேணும், ஆனா பெராக்சைடு போட்டு பாத்தீங்களான்னு ஒரு வார்த்தை கேட்டிருந்தா மரியாதையா இருந்திருக்கும். நேர்ல வந்து பாக்காம கோட்டிங்னு சொல்றவங்கள நம்பாதீங்க.

எதுக்கும் மசியாதது ஒண்ணே ஒண்ணுதான், டப்பும் சுவரும் சேர்ற இடத்துல இடுக்க அடைக்கற ரப்பர் மாதிரி வெள்ளை சிலிக்கான். அது சாயத்த உறிஞ்சிக்குது, பேஸ்ட், பிளீச் எல்லாம் வச்சாலும் சாம்பல் கலர்ல நிக்குது. இதுக்கு சாமான் தேடி அலையாதீங்க, கீழ ஹார்ட்வேர் கடை அங்கிள்கிட்ட பூஞ்சை பிடிக்காத பாத்ரூம் சிலிக்கான்னு கேட்டு ஒரு டியூப் வாங்கி, பழசை பிளேடால கீறி உரிச்சு, இடத்த நல்லா காய வச்சு புதுசு போட்டு, அட்டைல சொன்ன நேரம் வரைக்கும் தண்ணி படாம விடுங்க. டேப் ரெண்டு பக்கமும் ஒட்டிட்டு போட்டா கோடு நேரா வரும். அங்கிள் டியூபோட அதை அமுக்கித் தள்ற கன்னும் சேர்த்து விக்கப் பாப்பாரு, இரவல் கேட்டா குடுத்துடுவாரு.

அடுத்த தடவைக்கு நான் வாங்கி வச்சிருக்கறது பெராக்சைடு ஒரு பாட்டில், அப்புறம் வேசலின் ஒரு டப்பா. டை அலசறதுக்கு முன்னாடி டப் ஓரத்துலயும் அந்த சிலிக்கான்லயும் வேசலின் தடவிட்டா சாயம் ஒட்டாது, நெத்தில காதோரம் தடவறோமே அதே காரணம்தான். அத்தைகிட்ட சொன்னேன், டப்புக்கெல்லாமா வேசலின் தடவுவாங்கன்னு கேட்டுட்டு, முழு டப்பாவையும் தன் ரூமுக்கு எடுத்துட்டு போயிட்டாங்க, குதிகால் வெடிப்புக்காம்.